பழைய அரங்கைத் தொடும் முன் அதன் ஒலியைப் பதிந்து வையுங்கள்

மதிப்பிற்குரிய புதுச்சேரி கலை, பண்பாட்டுத் துறை அதிகாரிகளுக்கும், பொதுப்பணித் துறைப் பொறியாளர்களுக்கும், புதுவை, கடலூர் சபாக்களின் செயலாளர்களுக்கும்,

வணக்கம்.

புதுவையிலும் கடலூரிலும் கச்சேரி, நாடகம், பட்டிமன்றம், இலக்கியக் கூட்டம் என்று மேடைகளுக்கு மைக் செட் போடுவது என் தொழில். அரங்குக்குள் முதலில் நுழைந்து கடைசியில் கிளம்புகிறவன் என்பதால், பழைய அரங்குகளோடு எனக்குப் பழக்கம் அதிகம். அந்த உரிமையில் ஒரே ஒரு வேண்டுகோள் வைக்கிறேன். இனி எந்தப் பழைய அரங்கையும் புதுப்பிக்க டெண்டர் விடுவதற்கு முன்னால், அந்த அரங்கு இன்று எப்படி ஒலிக்கிறது என்பதை ஒரு நாள் ஒதுக்கிப் பதிவு செய்யுங்கள். அங்கே பாடியவர்கள், ஆடியவர்கள், திரை இழுத்தவர்கள் யார் உயிரோடு இருந்தாலும் அவர்கள் சொல்வதையும் அப்படியே பதிந்து வையுங்கள். அதற்கப்புறம் வேலையை ஆரம்பியுங்கள்.

ஏன் இவ்வளவு வற்புறுத்துகிறேன் என்றால், ஒரு கட்டடம் கண்ணெதிரே போவதை நம் ஊர் பார்த்திருக்கிறது. கடற்கரைச் சாலையில் 1870-71இல் கட்டப்பட்ட மேரி கட்டடம், 2014 நவம்பர் 29 அன்று மழையில் இடிந்து விழுந்தது. பிரெஞ்சுக்காரர் காலத்து நகராட்சி மன்றம் அது. 1954இல் ஊர் கை மாறியதையும் பார்த்து நின்ற கட்டடம். ‘பழுது, பழுது’ என்று பேசிக்கொண்டே இருந்தோம், அது விழுந்துவிட்டது. பிறகு உலக வங்கி நிதியில் அதே இடத்தில், அதே தோற்றத்தில் எழுப்பி 2021 பிப்ரவரியில் திறந்தார்கள். தூண், வளைவு, பால்கனி எல்லாம் பழையபடி நிற்கின்றன. கட்டிய கைகளுக்கு நான் தலைவணங்குகிறேன். தூணும் வளைவும் புகைப்படத்தில் இருக்கும், பழைய வரைபடத்தில் இருக்கும், பார்த்துப் பார்த்துக் கட்டிவிடலாம். ஒரு கூடத்தில் குரல் எப்படிப் பரவியது, எவ்வளவு நேரம் நின்றது என்பது எந்தப் புகைப்படத்திலும் இருக்காது. அதைக் கூடம் நிற்கும்போதே எடுத்து வைத்தால்தான் உண்டு.

எடுத்து வைத்ததால் பிழைத்த அரங்கு ஒன்று உலகத்தில் இருக்கிறது. இத்தாலியில் வெனிஸ் நகரத்து லா ஃபெனிச்சே. 1792இல் திறந்த இசை நாடக அரங்கு. 1836இல் ஒரு முறை எரிந்து, மறு வருஷமே திரும்பக் கட்டப்பட்டது. 1996 ஜனவரி 29 இரவு இரண்டாம் முறை எரிந்தது. உள்ளே வேலை பார்த்துக்கொண்டிருந்த இரண்டு மின் பணியாளர்கள்தான் தீ வைத்தார்கள் என்று பின்னால் நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னது. பக்கத்துக் கால்வாய்களில் பராமரிப்புக்காகத் தண்ணீரை வடித்து வைத்திருந்ததால் தீயணைப்புப் படகுகள் நெருங்கவே முடியவில்லை. வெளிச்சுவர் மட்டும் மிஞ்சியது.

‘எங்கே இருந்ததோ அங்கேயே, எப்படி இருந்ததோ அப்படியே’ என்று அந்த ஊர் முடிவெடுத்தது. அலங்கார வேலைப்பாடுகளுக்குப் பழைய படங்கள் இருந்தன. அந்த அரங்குக்குள் எடுத்த ஒரு பழைய சினிமாவின் காட்சிகளைக்கூட நிறுத்தி நிறுத்திப் பார்த்தார்களாம். ஒலிக்கு என்ன செய்வது? தீப்பிடிப்பதற்கு ஏறக்குறைய இரண்டு மாதம் முன்புதான் லம்பேர்த்தோ த்ரோன்கின் என்ற ஒலியியல் ஆய்வாளர் அந்த அரங்குக்குள் போய், பல இருக்கைகளில் வைத்து ஒலியை அளந்து பதிவு செய்திருந்தார். தீப்பிடிக்கும் என்று அவருக்குத் தெரியாது, தன் ஆராய்ச்சிக்காகச் செய்தார். பழைய லா ஃபெனிச்சேயின் ஒலி இன்று அளவாகக் கையில் இருப்பது அந்தப் பதிவால்தான். 2003 டிசம்பரில் அரங்கு மறுபடி திறந்தது.

இப்போது நம் ஊர் அரங்குக்கு வருகிறேன். புதுவையின் பழைய கூடங்களை நினைத்துப் பாருங்கள். செங்கல்லும் சுண்ணாம்பும் சேர்ந்த தடித்த சுவர். இரண்டு ஆள் உயரத்துக்கும் மேலே, தேக்கு உத்தரங்களை நெருக்க நெருக்கமாகப் போட்டு அதன் மேல் செங்கல்லைச் செங்குத்தாக அடுக்கிச் சுண்ணாம்பு கொட்டிய மெட்ராஸ் டெரஸ் கூரை. இரு பக்கமும் வரிசையாக ஜன்னல்கள், வெளிச்சத்தை மறைத்துக் காற்றை மட்டும் விடும் மரப்பட்டிக் கதவுகள். எல்லாம் வெயிலுக்காகவும் காற்றுக்காகவும் செய்தது என்று நினைக்கிறோம். காதுக்கும் அது வேலை செய்கிறது.

எப்படி என்று புரிய அமெரிக்காவில் ஹார்வர்டு பல்கலைக்கழகம் வரை போக வேண்டும். 1895இல் அங்கே ஃபாக் கலைக்கூடத்தின் விரிவுரை மண்டபத்தில் பேசினால் யாருக்கும் ஒன்றும் விளங்கவில்லை. ஒரு சொல் சொன்னால் அது ஐந்தரை விநாடி சுற்றிக்கொண்டே இருந்தது, அதற்குள் அடுத்த பன்னிரண்டு, பதினைந்து அசைகள் வந்து அதன் மேல் விழுந்தன. இதைச் சரிசெய்ய வாலஸ் சாபின் என்ற இளம் பேராசிரியரிடம் சொன்னார்கள். தெரு அடங்கிய பிறகு, நடு இரவில் அவரும் உதவியாளர்களும் பக்கத்து நாடக அரங்கின் இருக்கை மெத்தைகளைத் தூக்கி வந்து பரப்புவார்கள். ஆர்கன் குழல் ஒன்றை ஊதிவிட்டு, ஒலி அடங்க எத்தனை விநாடி ஆகிறது என்று காதால் கேட்டுக் குறிப்பார்கள். இன்னும் சில மெத்தைகள், மறுபடி ஊதல், மறுபடி கணக்கு. விடிவதற்குள் மெத்தைகள் எல்லாம் பழைய இடத்துக்குப் போய்விட வேண்டும். இப்படியே வருஷக்கணக்கில் செய்து, கூடம் பெரிதானால் ஒலி அதிக நேரம் நிற்கும், ஒலியை உறிஞ்சும் பொருள் கூடினால் சீக்கிரம் அடங்கும் என்பதை ஒரு சூத்திரமாகவே எழுதிவிட்டார். அந்தக் கணக்கை வைத்துத்தான் 1900 அக்டோபரில் பாஸ்டன் சிம்ஃபொனி ஹால் திறந்தது. உலகத்தின் மிகச் சிறந்த இசை அரங்குகளில் ஒன்றாக இன்றும் அதைச் சொல்கிறார்கள்.

ஒலி உறிஞ்சுதலைச் சாபின் எதால் அளந்தார் தெரியுமா? திறந்த ஜன்னலால். திறந்த ஜன்னல் வழியே போன ஒலி திரும்பி வராது, ஆகவே அது முழு உறிஞ்சல். ஒரு மெத்தை எவ்வளவு திறந்த ஜன்னலுக்குச் சமம், ஒரு மனிதர் எவ்வளவு ஜன்னலுக்குச் சமம் என்று கணக்குப் போட்டார். இன்றைய கணக்கில் உட்கார்ந்திருக்கும் ஒரு ரசிகர் ஏறத்தாழ அரை சதுர மீட்டர் திறந்த ஜன்னல். நம் கூடங்களில் அந்த அளவுகோலே இரு பக்கமும் வரிசையாக நிற்கிறது. கூட்டம் குறைவாக இருந்தால் நான்கு ஜன்னலைத் திறந்துவிடுவோம். கூட்டம் நிரம்பினால், வெளிச் சத்தம் வருகிறதே என்று இரண்டை மூடச் சொல்வோம். சாபினைப் படித்து யாரும் அதைச் செய்யவில்லை. பழைய மைக் செட்காரர்களுக்குக் காதே சொல்லிக் கொடுத்த வித்தை அது.

புதுப்பிப்பு என்ற பெயரில் முதலில் போவது இந்த ஜன்னல்கள்தான். ஏசி போட வேண்டும், சரி. இந்த ஊர்ப் புழுக்கத்தில் ரசிகரை வேர்க்க விறுவிறுக்க உட்காரவைக்கச் சொல்லி நான் கேட்கவில்லை. ஏசிக்காக ஜன்னலை அடைத்துக் கண்ணாடி போடுகிறார்கள். உயரம் அதிகமாக இருந்தால் குளிர் நிற்காது என்று பாதி உயரத்தில் ஜிப்சம் பலகையில் பொய்க்கூரை இறக்குகிறார்கள். தரைக்குத் தடித்த கம்பளம், சுவருக்குத் துணி ஒட்டிய பலகை. படத்தில் பார்த்தால் அழகாகத்தான் இருக்கும்.

கணக்கைப் பாருங்கள். 20 மீட்டர் நீளம், 12 மீட்டர் அகலம், 8 மீட்டர் உயரம் உள்ள ஒரு கூடம் என்று வையுங்கள். 1,920 கன மீட்டர். உள்ளே இருக்கும் எல்லாமும் சேர்ந்து 200 சதுர மீட்டர் திறந்த ஜன்னலுக்குச் சமமாக உறிஞ்சினால், சாபின் சூத்திரப்படி ஒலி அடங்க ஒன்றரை விநாடி ஆகும். கர்நாடக சங்கீதத்துக்கு இதமான அளவு. பாடகர் விட்ட இடத்தில் குரல் கொஞ்சம் தங்கும், சாகித்தியமும் தெளிவாகக் கேட்கும். அதே கூடத்தில் 4 மீட்டரில் பொய்க்கூரை இறக்கினால் கொள்ளளவு பாதியாகிவிடுகிறது. கம்பளமும் பலகையும் சேர்ந்து உறிஞ்சுதல் 240 ஆனால், ஒலி நிற்பது 0.64 விநாடிதான். பேச்சுக்குச் சரி. பாட்டுக்கு அது வறண்ட கூடம்.

அப்படி மாறிய அரங்கு ஒன்றில் நடந்ததைச் சொல்கிறேன். அரங்கின் பெயர் வேண்டாம், அதை நடத்துகிறவர்கள் நல்ல எண்ணத்தோடுதான் செய்தார்கள். மாறுவதற்கு முன்னால் அங்கே தூண் மாதிரி நிற்கும் இரண்டு ‘காலம்’ (column) ஸ்பீக்கரும் சின்ன மிக்சரும் போதும். வயலினுக்கு மைக்கைத் திறந்து வைத்தாலே போதும், மிச்சத்தைக் கூடமே பார்த்துக்கொள்ளும். புதுப்பித்த பிறகு நடந்த முதல் கச்சேரியில், மிருதங்க வித்வான் சுருதி சேர்த்துவிட்டு, தொப்பி என்று சொல்லும் இடது பக்கத்தை இரண்டு தட்டுத் தட்டினார். கொஞ்ச நேரம் மேலே பார்த்தார். அப்புறம் என்னைக் கூப்பிட்டு, “தம்பி, தொப்பிய எங்கப்பா காணோம்?” என்று கேட்டார்.

மிருதங்கத்தில் ஒரு கோளாறும் இல்லை, தொப்பியில் ரவைப் பசை அப்போதுதான் பூசியிருந்தது. எல்லாம் பொய்க்கூரையின் வேலை. மெல்லிய பலகைக்குப் பின்னால் காற்று இடைவெளி இருந்தால், அந்தப் பலகை தாழ்ந்த ஒலிக்குக் கூடவே அதிர்ந்து அதை விழுங்கிவிடும். தொப்பியின் கும்காரம் அங்கேதான் போனது. கம்பளமும் துணியும் மேல் ஒலியை விழுங்கின, தம்புராவின் ஜீவன் அதில் போனது. நடுவில் மிஞ்சியதுதான் காதுக்கு வந்தது. நான் மிக்சரில் பாஸைக் கூட்டினேன், உடனே மேடையில் ஃபீட்பேக் ஊளையிட ஆரம்பித்தது. பாடகருக்குத் தன் குரல் தனக்குக் கேட்கவில்லை, மேடையைப் பார்த்து வைக்கும் ஸ்பீக்கரான மானிட்டரைக் கூட்டச் சொன்னார். வயலின்காரரும் கூட்டச் சொன்னார். அரை மணி நேரத்தில் மேடை முழுக்கச் சத்தம், பாட்டில் சுகம் இல்லை. பிறகு அந்த அரங்குக்கு நான்கு பெரிய ஸ்பீக்கர் வாங்கினார்கள். முன்பு கூடம் சும்மா கொடுத்ததை இப்போது மின்சாரம் செலவழித்து வாங்குகிறோம்.

அந்த அரங்கைப் பழைய நிலைக்குக் கொண்டுவரலாமா என்று ஒரு சபா நிர்வாகி பிறகு என்னிடம் கேட்டார். பழைய நிலை என்றால் எது? அளவு எதுவும் இல்லை. எனக்கு நினைவிருக்கிறது, அந்த வித்வானுக்கு நினைவிருக்கிறது. நினைவை வைத்துக்கொண்டு பொறியாளரிடம் என்ன சொல்ல முடியும்?

வரலாறு என்று வரும்போது நாம் அரங்குக்குச் செய்வதெல்லாம் கல்வெட்டு ஒன்றுதான். திறந்து வைத்தவர் பெயர், தேதி, முன்னிலை வகித்தவர்கள். ஓர் அரங்கின் கதை அதற்கப்புறம்தானே ஆரம்பிக்கிறது.

கருவடிக்குப்பத்தில் சங்கரதாஸ் சுவாமிகளின் சமாதி இருக்கிறது. தூத்துக்குடிப் பக்கம் காட்டுநாயக்கன்பட்டியில் பிறந்து, தமிழ் நாடக மேடைக்கே ஆசானாக இருந்தவர், 1922 நவம்பர் 13 அன்று நம் புதுவையில்தான் கண்ணை மூடினார். ஒவ்வொரு வருஷமும் நாடகக் கலைஞர்கள் வந்து மாலை போட்டு, அங்கேயே நின்று பாடுகிறார்கள். அவர் காலத்து மேடையில் மைக் கிடையாது. கால் ஹார்மோனியம், மிருதங்கம், ஆயிரம் பேர் கூட்டம், விடிய விடிய நாடகம். கடைசி வரிசைத் தரை டிக்கெட்காரருக்கும் பாட்டு போய்ச் சேர வேண்டும். அதனால்தான் நாலு கட்டை, ஐந்து கட்டை என்று உயர்ந்த சுருதியில் பாடினார்கள். எஸ்.ஜி.கிட்டப்பா 1933இல் இறந்தபோது வயது 27தான், அதற்குள் அந்தக் குரல் ஊர் ஊராகக் கொட்டகைகளை நிரப்பிவிட்டது. 1930களில் மைக் வந்தது. சுருதி இறங்கியது, மெல்லிய சங்கதிகள் கடைசி வரிசை வரை போயின, முன்பு மேடையை நிரப்ப முடியாது என்று ஒதுங்கிய குரல்களுக்கும் இடம் கிடைத்தது. என் தொழிலே அப்போதுதான் பிறந்தது. பாடகரின் குரலும் அரங்கின் கூரையும் மைக்கும் ஒன்றை ஒன்று மாற்றிய கதை இது. சங்கீத வரலாற்றில் பாடகர் பெயர் இருக்கிறது, கூரையின் பங்கு எழுதப்படவில்லை.

கடலூர் நண்பர்களுக்கும் இதையே சொல்வேன். உங்கள் மாவட்டத்தில், சிதம்பரம் அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தில்தான் 1941இல் தமிழிசை மாநாடு கூடியது. மேடையில் தமிழ்ப் பாட்டுக்கு இடம் கேட்ட இயக்கம் அங்கிருந்து கிளம்பி, சென்னையில் ராஜா அண்ணாமலை மன்றமாக எழுந்து நின்றது. பாட்டின் சொல் புரிய வேண்டும் என்று கேட்ட இயக்கம் அது. சொல் புரிவதும் புரியாமல் போவதும் பாதி அரங்கின் கையில் இருக்கிறது. மஞ்சக்குப்பத்திலும் திருப்பாதிரிப்புலியூரிலும் மைக் கட்டும்போதெல்லாம் எனக்கு அது நினைவுக்கு வரும்.

சரி, வேலை என்ன, எவ்வளவு செலவாகும் என்று கேட்பீர்கள். பெரிய காரியம் இல்லை. காலி அரங்கில் மேடையின் நடுவில் ஒரு பெரிய பலூனை ஊதி உடைக்க வேண்டும். முதல் வரிசை, நடு வரிசை, கடைசி வரிசை, பால்கனி, ஓரம் என்று ஏழெட்டு இடத்தில் ரெக்கார்டரை வைத்து அந்த ஓசையைப் பிடிக்க வேண்டும். உடைந்த கணத்திலிருந்து முழுக்க அடங்கும் வரை என்ன நடந்தது என்பதில்தான் அந்தக் கூடத்தின் கைரேகை இருக்கிறது. இலவசமாகக் கிடைக்கும் மென்பொருளே அதைக் கணக்குப் போட்டுத் தந்துவிடும். ஜன்னல்களைத் திறந்து ஒரு முறை, மூடி ஒரு முறை. விசிறி ஓடும்போது ஒரு முறை, நிறுத்தி ஒரு முறை. அப்புறம் மைக் இல்லாமல் ஒருவர் பாடட்டும், ஒருவர் செய்யுள் வாசிக்கட்டும், மிருதங்கமும் நாகசுரமும் ஒலிக்கட்டும். கூட்டம் நிறைந்த ஒரு நிகழ்ச்சியன்றும் இதைச் செய்ய முடிந்தால் இன்னும் நல்லது. நீள அகல உயரம், ஜன்னல் எத்தனை, கூரை எதனால் ஆனது, சுவரில் என்ன பூச்சு, நாற்காலி மெத்தையா பிரம்பா என்பதெல்லாம் ஒரு தாளில் எழுதப்பட வேண்டும்.

ஆட்களுக்குப் பஞ்சமே இல்லை. அரியாங்குப்பத்தில் பாரதியார் பல்கலைக்கூடம் அரசே நடத்துகிறது. இசை படிக்கும் பிள்ளைகளுக்கு இதைவிட நல்ல பாடம் கிடையாது, கூடத்தைக் காதால் படிக்கப் பழகுவார்கள். அவர்களே பெரியவர்களிடம் போய்க் கேட்டும் எழுதலாம். முதல் மைக் எப்போது வந்தது, டிக்கெட்டில் சோபா, நாற்காலி, பெஞ்சு, தரை எல்லாம் என்ன விலை, பெண்கள் எந்தப் பக்கம் உட்கார்ந்தார்கள், மழை வந்தால் எங்கே ஒழுகும், எந்தத் தூணுக்குப் பின்னால் உட்கார்ந்தால் பாட்டு நன்றாகக் கேட்கும். கடைசிக் கேள்விக்குப் பழைய ரசிகர் ஒவ்வொருவரிடமும் பதில் இருக்கும், நான் கேட்டுப் பார்த்திருக்கிறேன். வீட்டுப் பரணில் நோட்டீஸ், அழைப்பிதழ், புகைப்படம் இருந்தால் ஸ்கேன் செய்துவிட்டுத் திருப்பிக் கொடுத்துவிடலாம். பதிவின் ஒரு பிரதி பல்கலைக்கூடத்தில் இருக்கட்டும். இன்னொன்று 1827இலிருந்து இந்த ஊரில் இருக்கும் ரோமன் ரோலண்ட் நூலகத்தில் இருக்கட்டும். தென்னாட்டுக் கோயில்களின் புகைப்படங்களை ஒரு லட்சத்துக்கும் மேல் சேர்த்து வைத்திருக்கும் பிரெஞ்சு ஆய்வு நிறுவனம் நம் கடற்கரையிலேயே இருக்கிறது. சேர்த்து வைக்கும் பழக்கம் இந்த ஊருக்குப் புதிது இல்லை.

பொறியாளர்களுக்குத் தனியாக ஒரு வார்த்தை. ஒழுகும் கூரையை அடையுங்கள், பழைய ஒயரிங்கை முழுக்க மாற்றுங்கள், அவசர வழியை அகலமாக்குங்கள். இதில் ஒரு நாள்கூடத் தாமதம் கூடாது, மேரி கட்டடம் அதற்குச் சாட்சி. சுண்ணாம்புச் சுவருக்குச் சிமெண்ட் பூசினால் ஈரம் உள்ளேயே தங்கிச் சுவர் உளுத்துப்போகும் என்பது எனக்கு முன்னால் உங்களுக்கே தெரியும். நான் கேட்பது டெண்டர் விவரத்தில் ஒரே ஒரு வரி: ‘வேலைக்கு முன் எடுத்த ஒலி அளவும், வேலை முடிந்தபின் எடுக்கும் ஒலி அளவும் ஒத்துப்பார்க்கப்படும்.’ இந்த வரி இருந்தால், பொய்க்கூரை கொட்டேஷன் கொடுக்கும் ஒப்பந்ததாரர் ஒரு ஒலியியல் பொறியாளரைக் கேட்காமல் பலகையைத் தூக்க மாட்டார். ஏசி வேண்டும் என்றால் உயரத்தைக் குறைக்காமல் போட வழி இருக்கிறது, குழாயில் காற்றின் வேகத்தைக் குறைத்து இரைச்சல் இல்லாமல் செய்யவும் வழி இருக்கிறது. செலவு கொஞ்சம் கூடும். பிறகு வாங்கும் ஸ்பீக்கர் செலவோடு அதை வைத்துப் பாருங்கள்.

சபா செயலாளர்களே, அரங்கு உங்கள் கையில் இல்லை என்றாலும் தேதி உங்கள் கையில் இருக்கிறது. உங்கள் அடுத்த விழாவுக்கு அரங்கை எடுக்கும்போது அரை நாள் கூடுதலாக எடுங்கள். அந்தக் காலைப் பொழுதை ஒலிப் பதிவுக்குக் கொடுங்கள், முடிந்தால் உங்கள் வித்வான்களில் ஒருவரை மைக் இல்லாமல் பத்து நிமிஷம் பாடச் சொல்லுங்கள். எத்தனையோ வருஷம் மைக் முன்னால் பாடியவர்கள், அந்தக் கூடத்தில் தன் குரல் மட்டும் திரும்பி வருவதைக் கேட்டால் சந்தோஷப்படுவார்கள்.

ரெக்கார்டர், ஸ்டாண்ட், லேப்டாப் எல்லாம் என்னிடம் இருக்கின்றன. புதுவையிலோ கடலூரிலோ எந்த அரங்காக இருந்தாலும், கூலி வாங்காமல் நானே வந்து செய்து தருகிறேன். இதே தொழிலில் இருக்கும் இன்னும் சிலரும் வரத் தயாராக இருக்கிறார்கள். ஐப்பசி மழை ஆரம்பித்துவிட்டால் கூரைமேல் விழும் சத்தத்தில் அளவு எடுக்க முடியாது, ஆகவே புரட்டாசிக்குள் முடித்துவிடுவது நல்லது. சாவி யாரிடம் வாங்க வேண்டும், எந்தக் கிழமை வரலாம் என்று மட்டும் சொல்லி அனுப்புங்கள்.

இப்படிக்கு,
ஓர் ஒலியமைப்பாளர்,
முத்தியால்பேட்டை, புதுச்சேரி